படத்துக்குப் பேட்டா கிடையாது

முப்பத்தேழு எபிசோடு நடித்தேன்.
பிறகு ஒரு வெள்ளிக்கிழமை
மதுரவாயல் பைபாஸில் லாரி மோதிச் செத்தேன்.
லாரியைக் காட்டவில்லை, பட்ஜெட் இல்லை.
ஒரு ஹார்ன் சத்தம், ரோட்டில் ஒற்றைச் செருப்பு.
அதுவும் ஆர்ட் அசிஸ்டென்ட்டின் செருப்பு.

அன்றைக்கே ஒரு போட்டோ எடுத்தார்கள்.
"கொஞ்சம் சிரிங்கண்ணே,
அப்பா சிரிச்ச முகமா இருக்கணும்."
கேமராவுக்குப் பின்னால் இட்லி வந்து இறங்கியது.
அந்தச் சிரிப்பு இட்லிக்கானது.

சந்தன மாலை போட்டு
வளசரவாக்கம் செட்டில் ஹால் சுவரில் மாட்டினார்கள்.
இன்றுவரை அது
நானூற்றுப் பன்னிரண்டு எபிசோடு நடித்திருக்கிறது.
மூத்த மகள் அதன் முன்னால் அழுதாள்.
சின்ன மருமகன் அதைத் தொட்டுப் பொய்ச்சத்தியம் செய்தான்.
வில்லி விளக்கேற்றினாள், திரி அணைந்தது,
மூன்று கோணத்தில் மூன்று தடவை அணைந்தது.
எல்லாவற்றையும் அது
இட்லியைப் பார்ப்பது போலவே பார்த்துக்கொண்டிருந்தது.

போட்டோவுக்கும் ஏதாவது போட்டுத் தரலாமே என்று
மேனேஜர் கஜபதியிடம் கேட்டேன்.
"படத்துக்குப் பேட்டா கிடையாதுண்ணே."
மனசு கேட்காமல் ஒருநாள் பிரியாணிக்குக் கூப்பிட்டார்.
என் படத்துக்குக் கீழே உட்கார்ந்து சாப்பிட்டேன்.
புது லைட்பாய் தட்டை நீட்டினான்,
சுவரைப் பார்த்தான்,
என்னைப் பார்த்தான்,
லெக் பீஸ் ஒன்று கூடுதலாக வைத்தான்.

அதற்கு முன்பெல்லாம் நான் டாக்டர்.
இருபத்தாறு வருஷம், அறுபத்தொரு படம்.
கதவு திறக்கும். வருவேன். கண்ணாடியைக் கழற்றுவேன்.
"ஸாரி" என்பேன், அல்லது
"இருபத்திநாலு மணி நேரம் போனாத்தான்."
அதற்குள் ஹீரோ என் சட்டையைப் பிடித்திருப்பார்.
பிடிப்பவர் முகத்துக்குத்தான் வெளிச்சம்.
உங்க முதுகு நல்லா நடிக்குது சார்
என்றார் ஒரு டைரக்டர்.
நல்ல மனுஷன், பாராட்டாகத்தான் சொன்னார்.

கோட்டு சொந்தக் கோட்டு.
சொந்தக் கோட்டு வைத்திருப்பவனைத்தான்
முதலில் கூப்பிடுவார்கள்.
அதை அலசி அலசி
அமுதவல்லியின் நகக்கண்ணில் எப்போதும் சொட்டு நீலம்.

போன ஐப்பசியில், விடாத மழையில்,
அவள் சமையல்கட்டில் சரிந்துவிட்டாள்.
ஆற்காடு ரோட்டில் மெட்ரோ பள்ளமெல்லாம் தண்ணீர்.
ஆட்டோக்காரர் கண்ணாடியில் என்னைப் பார்த்துப் பார்த்து
கடைசியில் கேட்டேவிட்டார்:
"சார், நீங்க செத்துட்டீங்கல்ல?"
"ஆமாம்பா. கொஞ்சம் சீக்கிரம் போ."

கே.கே. நகர் ஆஸ்பத்திரி. கதவு திறந்தது.
முப்பது வயதுகூட இருக்காது அந்த டாக்டர் பெண்ணுக்கு,
காலில் ரப்பர் செருப்பு.
நான் அவள் கண்ணாடியையே பார்த்தேன்.
கழற்றாதே தாயே
கழற்றாதே
கை முகத்துக்குப் போனது.
என் கை அதுவாகவே எழுந்தது,
யாருடைய சட்டையையாவது பிடிக்க.

மூக்கைச் சொறிந்துகொண்டாள்.
"சுகர் இறங்கியிருக்கு. காலைல சாப்பிடலையா அவங்க?
ஸ்வீட்டா ஏதாவது வாங்கிட்டு வாங்க."
வார்த்தைக்கு வார்த்தை இடைவெளி விடவில்லை.
பாதியிலேயே அடுத்த பேஷண்ட்டின் சீட்டைப் படிக்க ஆரம்பித்திருந்தாள்.
அறுபத்தொரு படத்தில்
ஒன்றில்கூட எனக்கு அது வந்ததில்லை.

கேண்டீனில் மைசூர்பா வாங்கி வரும்போது
கஜபதி போன் செய்தார்.
"அண்ணே, ஃப்ளாஷ்பேக் ஒண்ணு வருது, ரெண்டு நாள்."

"யாரு?" என்றாள் அமுதவல்லி, கட்டிலில் சாய்ந்தபடி.
"கம்பெனி. திரும்ப உயிரோட வரணுமாம்."

வாயில் மைசூர்பா கரைந்து முடிவதற்குள் சொன்னாள்:
"வா. ஆனா
பேட்டாவ முதல்ல பேசிடு."